சாம்பல் போட்ட தோட்டம்

லாரிக்காரனுக்கு அவனுடைய அத்தான் மேல் ஒரு கோபம் இருந்தது. சாப்பிட உட்கார்ந்தால் அதுவும் கூடவே வந்து உட்காரும். ஸ்டியரிங்கைப் பிடித்தால் பக்கத்து சீட்டில் ஏறிக்கொள்ளும். வருஷக்கணக்காக அதைச் சுமந்துகொண்டுதான் அவன் வண்டி ஓட்டினான்.

அத்தான் என்றால் கூடப்பிறந்த அக்காவைக் கட்டியவர். தாய் தகப்பன் போன பிறகு அவனுக்குச் சோறு போட்டவர், லைசென்ஸ் எடுத்துக் கொடுத்தவர். அந்த மனுஷன் தெருவே கூடி நின்ற இடத்தில் அவன் சட்டையைக் கொத்தாகப் பிடித்து, "எந்தக் குழியிலேருந்துடா இந்த மண்ணை அள்ளிட்டு வந்தே? என் பேத்தி வயித்துல விஷத்தை வெச்சுட்டியேடா!" என்று கேட்டார். ரெண்டு அறை விட்டிருந்தால்கூட லாரிக்காரன் மறந்திருப்பான். அவர் கேட்டுவிட்டு அழுதார். அவர் அழுததைப் பார்த்துத் தெரு முடிவு கட்டிவிட்டது, இவன் திருடன்தான் என்று.

அவன் திருடவில்லை. அதுதான் வயிற்றெரிச்சல்.

காட்டுக்கு அந்தப் பக்கம் இருந்த அணு உலை வெடித்தபோது ஊரைக் காலி செய்யச் சொன்னார்கள். ரெண்டு குளிர்காலம் போனதும் திரும்பி வரலாம் என்றார்கள். வருவதற்கு முன்னால் ஒவ்வொரு வீட்டுத் தோட்டத்திலும் ஒரு சாண் ஆழத்துக்கு மேல்மண்ணைச் சுரண்டி, கறுப்பு மூட்டைகளில் கட்டி எங்கேயோ கொண்டுபோனார்கள். சுரண்டிய இடத்தில் போட ஆற்றுக்கு அக்கரையிலிருந்து புதுமண் வந்தது. அந்த மண்ணை ஓட்டி வந்த லாரிகளில் அவனுடையதும் ஒன்று. இந்தத் தெருவுக்கு முழுக்க அவன்தான் கொட்டினான். மண் எடுத்த இடத்திலேயே கதிர்வீச்சு மீட்டர் வைத்துப் பார்த்துத்தான் லோடு ஏற்றினார்கள்.

ஆனால் அக்கரை தூரம். காட்டோரமாக இக்கரையில் ஒரு பழைய மண்குழி இருந்தது, கிட்டத்தில். டீசல் மிச்சம் பிடிக்க அங்கே அள்ளியிருப்பான் என்று யாரோ ஒருத்தர் சொல்ல, அதுவே எல்லாருக்கும் கண்ணால் பார்த்த மாதிரி ஆகிவிட்டது. அதற்குப் பிறகு தெருவுக்குள் அவன் வண்டி நுழைந்தால் ஜன்னல் சாத்தும் சத்தம் கேட்கும். "விஷலாரி வருது" என்பார்கள். பெண்டாட்டி கடைக்குப் போனால் பக்கத்தில் நிற்பவர்கள் விலகி நின்றார்கள். அவன் காட்டோரக் குழிப் பக்கம் வண்டியின் மூக்கைக்கூடத் திருப்பியதில்லை. யாரிடம் போய்ச் சொல்வான்? சொன்னால் திருடன் அப்படித்தானே சொல்வான் என்பார்கள்.

இனி அத்தானைப் பற்றி.

அவர் பள்ளிக்கூடத்தில் பாய்லர் பார்த்தவர். தெருவில் யாரும் அவரைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. பாய்லர் என்றால் பாய்லர்தான். பள்ளிக்கூடத்துக்கு அடியில், படி இறங்கிப் போனால் அவருடைய அறை. சுவர் நீளத்துக்கு வெட்டிய கட்டைகள். நடுவில் ரெண்டு இரும்புக் கதவோடு பாய்லர். அதன் தலையிலிருந்து கிளம்பும் குழாய்கள் மேலே ஒவ்வொரு வகுப்புக்கும் வெந்நீரைக் கொண்டுபோய்ச் சுவரைச் சூடாக்கும். ஊரே போர்வைக்குள் சுருண்டு கிடக்கும் குளிரில் அவர் கை வைத்த பனியனோடு நிற்பார். குழாயில் புறங்கையை வைத்தே மேலே எந்த வகுப்பில் ஜன்னல் திறந்திருக்கிறது என்று சொல்லிவிடுவார். சொல்வதோடு நிற்கமாட்டார், படியேறிப் போய் டீச்சரைத் திட்டிவிட்டும் வருவார். "நான் என்ன ஊருக்கே சூடேத்தவா சம்பளம் வாங்கறேன்?" என்பார். பிள்ளைகள் நனைந்த காலுறைகளைக் கொண்டுவந்து கொடுத்தால் குழாய் மேல் வரிசையாகக் காயப்போட்டு, மணியடிக்கும் முன்னால் சூடாகத் திருப்பிக் கொடுப்பார்.

அக்கா செத்துப்போனபோது மகள் சின்னப் பெண். இன்னொரு கல்யாணம் பண்ணிக்கொள்ளச் சொன்னவர்களிடம், "எனக்கு ஏற்கெனவே ரெண்டு பேர். ஒண்ணு கட்டை தின்னுது, ஒண்ணு என் தலையைத் தின்னுது. மூணாவது வேற வேணுமா?" என்று சொல்லிவிட்டார். மகள் பாய்லர் அறையில் கட்டை மேல் உட்கார்ந்துதான் வீட்டுப்பாடம் எழுதினாள், அங்கேயே தூங்கினாள். அவள் மேல் எப்போதும் புகை வாசம் அடிக்கும். அவள் முகம் வாடினால் அவருக்கு அன்றைக்குச் சோறு இறங்காது.

உலை வெடித்த பிறகுகூட அவர் வாய் அடங்கவில்லை. "அவனுங்களுக்கும் எனக்கும் ஒரே வேலைதான், தண்ணி கொதிக்க வைக்கிறது. அவனுங்க கொஞ்சம் ஜாஸ்தியா கொதிக்க வெச்சுட்டானுங்க" என்பார். கேட்டவர்கள் சிரித்தார்கள். சிரிக்காமல் வேறு என்ன செய்ய?

காலி செய்து போன இடத்திலேயே மகள் தங்கிவிட்டாள். தூரத்துப் பெரிய நகரம், துணி தைக்கும் கம்பெனி, கல்யாணம், ஒரு பெண் குழந்தை. புருஷன் பாதியில் கழன்றுகொண்டான். அப்பா வா வா என்று கூப்பிட்டும் அவள் பிடிவாதமாகச் சொன்னாள்: "மண்ணைச் சோதிக்கச் சொல்லுங்கப்பா. சுத்தம்னு சொன்னா வர்றேன்." மண் எடுத்த அக்கரையிலேயே சோதித்தார்கள். புதுமண் சுத்தமாகத்தான் இருந்தது. லீவுக்கு லீவு பிள்ளையோடு வர ஆரம்பித்தாள். குழந்தை சின்னப் பள்ளி முடித்து அடுத்த பள்ளிக்குப் போகிற சமயத்தில் இங்கேயே வந்துவிடுவதாகப் பேச்சு. பாய்லர் வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்தார், மாடி அறையில் கட்டில் போட்டார். அந்த மனுஷனுக்கு உலகத்தில் வேண்டியிருந்தது அது ஒன்றுதான். மகளும் பேத்தியும் அந்த வீட்டில் இருக்க வேண்டும்.

புதுமண் சுத்தம்தான், ஆனால் செத்த மண். சலித்த மணல் மாதிரி இருந்தது. மண்புழு கிடையாது, ஈரம் நிற்காது. முதல் வருஷம் கேரட் சுண்டுவிரல் கனத்துக்கு மேல் வரவில்லை. அப்போதுதான் அவர் பாய்லர் அறைச் சாம்பலைக் கொண்டுவர ஆரம்பித்தார். கட்டைச் சாம்பல் நல்ல உரம் என்பது அந்த ஊரில் எல்லாருக்கும் தெரியும். ஆணி, கரித்துண்டு எல்லாம் பொறுக்கி, மாவு மாதிரி சலித்து, வாளி வாளியாக மண்ணில் கலந்தார். அடுத்த வருஷம் தோட்டம் எழுந்து நின்றது.

தனக்கு மட்டும் வைத்துக்கொள்கிற ஆள் இல்லை அவர். சனிக்கிழமை வேலை முடிந்ததும் தள்ளுவண்டியில் சாம்பலை வைத்துக்கொண்டு வீடு வீடாகப் போவார். "என்ன பாய்லர், சாம்பல் குடுத்தே எலெக்‌ஷன்ல நிக்கப் போறீங்களா?" என்று கிண்டல் செய்வார்கள். "ஜெயிச்சா உங்க வீட்டு ஜன்னலை எல்லாம் ஆணியடிச்சு மூடுவேன்" என்பார். எல்லார் தோட்டமும் எழுந்து நின்றது. குழந்தை லீவுக்கு வந்தால் கேரட்டைப் பிடுங்கி, கவுனில் துடைத்து, நின்ற இடத்திலேயே கடித்துத் தின்னும். தாத்தா பக்கத்தில் குந்தி உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டே இருப்பார்.

அந்த நகரத்தில் பள்ளிக்கூடப் பிள்ளைகளை நாற்காலி மாதிரி ஒரு மெஷினில் உட்காரவைத்து உடம்புக்குள் எவ்வளவு கதிர்வீச்சு இருக்கிறது என்று பார்ப்பது வழக்கம். பாய்லரின் பேத்திக்கு வந்த அளவு வகுப்பில் வேறு எவருக்கும் வரவில்லை. எங்கே சாப்பிட்டது என்று தேடிக்கொண்டு வந்து தோட்டத்தில் மீட்டரை வைத்தார்கள். மீட்டர் கத்தியது. பக்கத்து வீட்டில் வைத்தார்கள், அங்கேயும் கத்தியது. தெரு முழுக்கக் கத்தியது. அத்தான் லாரிக்காரனின் சட்டையைப் பிடித்தது அன்றைக்குத்தான்.

மகள் அன்றைக்கே பஸ் ஏறினாள். போகும்போது லாரிக்காரனைப் பார்த்து, "நீங்க எங்கம்மாவோட தம்பி, மாமா. அதனாலதான் சும்மா போறேன்" என்றாள். அதற்குத் திட்டியிருந்தால்கூடத் தேவலை. அதற்குப் பிறகு அவள் அந்த ஊர்ப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. போனில் அப்பாவோடு மட்டும் பேசுவாள். குழந்தையின் அளவு மாசத்துக்கு மாசம் இறங்கியது என்றார்கள். உள்ளே இருந்தவரைக்கும் அது என்ன செய்துவிட்டுப் போனது, பிற்பாடு என்ன வரும் என்று கேட்டால் டாக்டர்கள் ஜன்னல் பக்கம் பார்த்தார்கள்.

மண்தான் கெட்டது என்று நம்பிய தெரு, அதைச் சரிக்கட்டச் சாம்பலை இன்னும் அதிகமாகத்தான் கேட்டு வாங்கியது. வருஷங்கள் போயின. ஒருநாள் லாரிக்காரன் பள்ளிக்கூட மைதானத்துக்குச் சரளைக்கல் கொட்டப் போயிருந்தான். மைதானத்தில் கதிர்வீச்சு அளக்க ஆபீஸிலிருந்து ஒரு பெண் வந்திருந்தாள். எல்லாரும் அவளை மீட்டரம்மா என்பார்கள், சின்னப் பெண்தான். ஷூ லேஸ் அவிழ்ந்துவிட்டது. கட்டுவதற்காக மீட்டரைக் கையிலிருந்து இறக்கி, சுவரோரம் இருந்த சாம்பல் டிரம்மின் மூடி மேல் வைத்தாள்.

அது போட்ட சத்தத்தில் லாரிக்காரன் வண்டியிலிருந்து குதித்துவிட்டான்.

அவள் மூடியைத் திறந்தாள். மீட்டரை உள்ளே காட்டினாள். முகம் வெளுத்துவிட்டது. "இதை என்ன பண்றாங்க? எங்க கொட்டறாங்க?" என்று கேட்டாள்.

லாரிக்காரனுக்கு முதலில் சிரிப்புதான் வந்தது. "தோட்டத்துல போடறாங்கம்மா" என்றான். "எல்லாத் தோட்டத்துலயும்."

"காட்டுக் கட்டையை நாங்கதானே சோதிச்சு அனுப்பறோம், எல்லாம் அளவுக்குள்ளதான இருக்கு..." என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டே வந்தவள், டக்கென்று நின்றாள். "கட்டை எரிஞ்சு போயிடுது. அதுக்குள்ள இருக்கற விஷம் எரியாது. அத்தனையும் சாம்பல்ல வந்து உக்காந்துடுது. தோட்டத்துல போடாதீங்கன்னு ஊருக்கு நாங்க சொல்லியிருக்கணும். யாருமே சொல்லலியே."

லாரிக்காரன் காத்திருக்கவில்லை. படியில் தடதடவென்று இறங்கினான். இத்தனை வருஷமாகப் பக்கத்து சீட்டில் உட்கார்ந்திருந்த கோபம் அவனுக்கு முன்னால் ஓடியது. என்னென்ன கேட்க வேண்டும் என்று மனப்பாடமே செய்து வைத்திருந்தான்.

அத்தான் குந்தி உட்கார்ந்து சாம்பல் சலித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தார். "அடேங்கப்பா, வழி தெரிஞ்சுதா உனக்கு?" என்றார்.

"சல்லடையைக் கீழ வைங்க அத்தான்."

"ஏன், உனக்கு ரெண்டு வாளி வேணுமா?"

"வெச்சுட்டு மேல வாங்க. உங்க டிரம்மு கத்துது. ஆத்து மண்ணு கத்தல, உங்க டிரம்மு கத்துது. வந்து காதால கேளுங்க."

அவர் மேலே வந்தார், கேட்டார். மீட்டரம்மா சொன்னதையும் கேட்டார். அவருக்கு ரெண்டாம் தடவை சொல்ல வேண்டியிருக்கவில்லை. எத்தனை வண்டிக் கட்டை தின்றால் பாய்லர் ஒரு டிரம் சாம்பல் போடும் என்று அவருக்குத் தெரியாதா? இரண்டு கையையும் விரித்துப் பார்த்தார். விரலிடுக்கில் எல்லாம் சாம்பல்.

"எதிர் வீட்டுத் தையக்காரி மாசமா இருந்தப்போ நாலு வாளி கேட்டாடா" என்றார். "அவளுக்குன்னு இன்னும் ஒரு தடவை சலிச்சுக் குடுத்தேன்."

லாரிக்காரனுக்கு மனப்பாடம் செய்திருந்தது எல்லாம் மறந்துபோனது.

அன்று சாயங்காலமே அவர் தள்ளுவண்டி இல்லாமல் வீடு வீடாகப் போனார். போக வேண்டாம் என்று யார் சொல்லியும் கேட்கவில்லை, தன் சாம்பல்தான் விஷம் என்று தானே சொன்னார். சிலர் கத்தினார்கள். ஒருத்தன் காலடியில் காறித் துப்பினான். தையல்காரி கதவைச் சாத்தினாள், அதுதான் அவரை உட்காரவைத்துவிட்டது. லாரிக்காரனிடம் வந்து நாலைந்து பேர், "உன்னைத் தப்பா நெனச்சுட்டோம்பா, மனசுல வெச்சுக்காதே" என்றார்கள். இந்த வார்த்தைக்காக எத்தனை வருஷம் காத்திருந்தான்! வந்தபோது அது வாயில் மண்ணு மாதிரி இருந்தது.

அடுத்த நாள் பாய்லர் மண்வெட்டியை எடுத்தார். தன் தோட்டத்தை ஒரு சாண் வெட்டினார், மீட்டரம்மாவிடம் கேட்டு வாங்கிய மீட்டரை வைத்தார், கத்தியது. ரெண்டு சாண் வெட்டினார். பிறகு பக்கத்து வீடு, எதிர் வீடு. வேண்டாம் என்று விரட்டியவர்கள் வீட்டிலும் ஆள் இல்லாத சமயம் பார்த்துப் போய் வெட்டினார். மூட்டை கட்டிய மண்ணை எங்கே கொண்டுபோவது? ஆபீஸில் கேட்டால் பழைய கிடங்கு நிரம்பிவிட்டது, புதிது கட்டும்வரை வீட்டிலேயே வைத்திருங்கள் என்றார்கள். லாரிக்காரன் வண்டியில் ஏற்றிக்கொண்டு நாலு ஊர் சுற்றியும் ஒருத்தன்கூட வாசலில் நிற்க விடவில்லை. திரும்பக் கொண்டுவந்து வேலியோரம் அடுக்கினார்கள். சுவர் மாதிரி உயர்ந்தது.

"போதும் அத்தான். பாறை வரைக்கும் தோண்டுவீங்களா?" என்றான் லாரிக்காரன்.

"பாறை சுத்தமா இருந்தா அது மேல படுக்க வெச்சுக்கறேன் என் பேத்தியை" என்றார். மண்வெட்டியில் சாய்ந்துகொண்டு மூச்சு வாங்கினார். இருமல் அப்போதே ஆரம்பித்துவிட்டது.

கோடை முடிவதற்குள் மீட்டர் அடங்கியது. அன்று அவர் சிரித்த சிரிப்பை லாரிக்காரன் அக்கா இருந்த காலத்துக்குப் பிறகு பார்த்ததில்லை. உடனே மகளுக்குப் போன் போட்டார். நடந்தது அத்தனையும் சொன்னார், தன் சாம்பல்தான் என்பதையும் மறைக்கவில்லை. அவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாளாம். பிறகு, "நீங்க தெரிஞ்சா செஞ்சீங்க?" என்றாளாம். மறுநாள் லாரிக்காரனுக்கே போன் வந்தது. "மாமா, மன்னிச்சுடுங்க மாமா. உங்களை என்னென்னமோ நெனச்சுட்டேன்." அவன் லாரியை ஓரம் கட்டிவிட்டுக் கேவிக் கேவி அழுதான். அவள் வேலை பார்த்த கம்பெனியை மூடிவிட்டார்கள். வாடகை அறையில் சுவரெல்லாம் ஈரம், குழந்தைக்கு ஓயாத சளி. அடுத்த லீவு விட்டதும் மூட்டை முடிச்சோடு வந்துவிடுகிறேன் என்றாள்.

பிறகு காற்றுக் காலம் வந்தது. காட்டில் எங்கோ தீப்பிடித்து மூன்று நாள் புகை வந்தது. மரங்கள் இலை கொட்டின, காற்று அதைக் கொண்டுவந்து கூரையிலும் தோட்டத்திலும் நிரப்பியது. மழை பெய்தது. கூரைத் தண்ணீர் விழுகிற இடத்தில் பாய்லர் மீட்டரை வைத்தார். கத்தியது. நாள் முழுக்க அங்கேயே குந்தி உட்கார்ந்திருந்தார்.

மீட்டரம்மா வந்து பார்த்தாள். அவளுக்கும் சொல்லச் சங்கடமாக இருந்தது. "காட்டு மண்ணுல இருக்கு. வேர் அதை உறிஞ்சி இலைக்கு அனுப்புது. இலை விழுந்து மறுபடி மண்ணுக்குப் போகுது. காத்துல கொஞ்சம், புகையில கொஞ்சம் இங்க வந்துகிட்டேதான் இருக்கும், ஐயா."

"எப்பத் தீரும்?"

"முப்பது வருஷத்துல பாதி ஆகும்."

"மீதிப் பாதி?"

"அதுக்கப்புறம் இன்னொரு முப்பது வருஷத்துல அதுல பாதி."

"நான் எப்பத் தீரும்னு கேட்டேன்மா."

அவள் மீட்டரைப் பைக்குள் வைப்பதிலேயே கவனமாக இருந்தாள். அவள் போனபின் அவர் மண்வெட்டியை எடுத்தார். பத்து வெட்டு வெட்டுவதற்குள் விழுந்துவிட்டார்.

ஆஸ்பத்திரியில் நெஞ்சும் சரியில்லை, நுரையீரலும் சரியில்லை என்றார்கள். இதனால்தானா என்று லாரிக்காரன் கேட்டான். வயசு இருக்கிறது, பாய்லர் புகை இருக்கிறது, இதுவும் இருக்கலாம், யாரால் சொல்ல முடியும் என்றார் டாக்டர். நீளமான வார்டு. மத்தியான வெயில் கட்டில் கால்களில் விழுந்து கிடந்தது. பக்கத்துக் கட்டில்காரர் குறட்டை விட்டார். அத்தான் கண்ணைத் திறந்து, "அந்தாளு ஜன்னலை மூடச் சொல்லு, சூடெல்லாம் வெளிய போகுது" என்றார். அவன் மூடினான்.

"உக்காரு மாப்ளே. அவ எப்ப வர்றா?"

"லீவு விட்டதும். டிக்கெட் எடுத்துட்டா."

"வந்தா போகமாட்டா."

"வரட்டுமே அத்தான். உண்மையை நேர்ல சொல்லுங்க, கேட்டுக்குவா."

"கேக்கமாட்டா. மீட்டர் இறங்கிடுச்சுன்னு நான்தானே கூப்பிட்டேன்? முப்பது வருஷம், அறுபது வருஷம்னு சொன்னா சிரிப்பா. வாடகை குடுக்க முடியாதவளுக்கு என்னிக்கோ வர்ற நோவு பெரிசாத் தெரியாதுடா. மாடி ரூமைப் பாப்பா, கட்டிலைப் பாப்பா, கொண்டாந்ததைப் பிரிச்சு வெச்சுடுவா. புள்ளை தோட்டத்துக்கு ஓடிடும்." பேச்சு நின்று, மூச்சு மட்டும் வந்தது. லாரிக்காரன் தண்ணீர் கொடுத்தான். பாதி கழுத்தில் வழிந்தது.

"என் மேல கோவப்பட அவளால முடியல. பாத்தியா, சாம்பல்னு தெரிஞ்சும் முடியல. உன் மேல முடியும். உன் மேல கோவம் இருந்த வரைக்கும் அவ இந்தப் பக்கம் கால் வெக்கல."

லாரிக்காரனுக்குப் புரிய ஆரம்பித்தது. "அத்தான், வேணாம். அவ எங்கிட்ட பேசி ஒரு மாசம்கூட ஆகல. மாமான்னு கூப்பிட்டா, அத்தான்."

"தெரியும்டா. தெரிஞ்சுதான் கேக்கறேன்." அவன் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டார். அந்தக் கையில் இன்னும் அத்தனை பலம் இருந்ததை அவன் எதிர்பார்க்கவில்லை. "அவ கோர்ட்டு கேஸுன்னு போறவ இல்ல, மூஞ்சியைத் திருப்பிக்கிட்டுப் போறவ. இன்னிக்கே போன் போடு. அப்பன் நெனவு தப்பிக் கெடக்கறான், வந்தாலும் அடையாளம் தெரியாதுன்னு சொல்லு. வீட்டை உம் பேருக்கு எழுதி வாங்கிட்டேன்னு சொல்லு, உனக்கும் உம் புள்ளைக்கும் இங்க எடமில்ல, வராதேன்னு சொல்லு. அவ அழுதாலும் விட்டுக் குடுக்காதே, மாப்ளே."